பந்தியில் சொல்லாதீர்கள்: குறை சொல்லவும் கேட்கவும் புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

காரைக்குடிக்குப் பக்கத்தில், பழைய வளவு வீடு ஒன்றை விடுதியாக்கி நடத்தும் இடத்தில் மேற்பார்வை வேலை பார்க்கிறேன். 11 வருடமாகிறது. ஒவ்வொரு வருடமும் ஐந்தாறு பேராவது புதிதாக வந்து சேருவார்கள். பள்ளத்தூர், கோட்டையூர், கண்டனூர் என்று சுற்றுவட்டாரத்துப் பிள்ளைகள். பாதிப் பேருக்கு அதுதான் முதல் சம்பளம். இதுவரை கடினம் என்று வேலையை விட்டு நின்றவர்களை விரல் விட்டு எண்ணிவிடலாம். "அவரு அப்படிச் சொல்லிட்டாருண்ணே" என்று நின்றவர்கள்தான் அதிகம். அப்படிச் சொன்ன 'அவரை'க் கூப்பிட்டு விசாரித்தால், "நான் என்ன தப்பா சொன்னேன், உள்ளதைத்தானே சொன்னேன்" என்பார். அவர் சொன்னதும் பெரும்பாலும் உண்மையாகத்தான் இருக்கும்.

சொல்கிறவருக்கும் கேட்கிறவருக்கும் தனித்தனியாக நான் சொல்லி வந்ததை இங்கே ஒன்றாக எழுதுகிறேன். முதல் வேலைக்குப் போகிறவர்களுக்கும், நேற்றுவரை கூட நின்று வேலை பார்த்துவிட்டு இன்றைக்குத் திடீரென்று நாலு பேருக்கு மேலே வந்தவர்களுக்கும் இது பயன்படும். வீட்டுக்கும் பொருந்தும். வீட்டில்தான் கஷ்டம் கூட. அதைக் கடைசியில் பார்ப்போம்.

முதலில், நீங்கள் சொல்லப்போவது எந்த வகை?

குறை சொல்வதற்கு நம்மிடம் சொற்களுக்குப் பஞ்சமே இல்லை. எதைச் செய்தாலும் ஒன்று சொல்வது நொட்டை. மருமகள் காதில் விழட்டும் என்று பூனையைத் திட்டுவது ஜாடை. தீர்ந்துபோன பழைய தப்பைத் தோண்டி எடுத்துப் பேசுவது குத்திக்காட்டுவது. செய்த உதவியை நினைவுபடுத்திப் பேசுவது சொல்லிக்காட்டுவது. ஆள் இல்லாத இடத்தில் பேசினால் புறணி. இவ்வளவுக்கும் எதிரில் ஒற்றையாக நிற்கிற சொல் 'இடித்துரைப்பது'. கேட்பதற்குக் கடுமையாக இருக்கும். ஆனாலும் நம் ஆட்கள் அதை நண்பனின் கடமை என்றுதான் வைத்திருக்கிறார்கள்.

வாயைத் திறப்பதற்கு முன் உங்களையே ஒரு கேள்வி கேட்டுக்கொள்ளுங்கள்: நான் சொல்வதைக் கேட்டுவிட்டு இவர் நாளைக் காலையில் எதை மாற்றிச் செய்வார்? இதற்கு ஒரு வரியில் பதில் வந்தால் சொல்லலாம். வரவில்லையென்றால் உங்களுக்குக் கோபம் இருக்கிறது, அவ்வளவுதான். கோபப்படுவது தப்பில்லை. ஒரு டீ குடித்துவிட்டு வாருங்கள்.

விரல் வைத்துக் காட்டுங்கள்

என் ஐயா, அம்மாவைப் பெற்றவர், சின்ன வயதிலேயே பினாங்கில் ஒரு வட்டிக் கடைக்குப் பெட்டியடிப் பையனாகப் போனவர். அந்தக் காலத்துக் கடைகளில் அதுதான் அடிப்படி. அங்கிருந்துதான் அடுத்தாள், மேலாள் என்று ஏற வேண்டும். பெட்டியடிப் பையனுக்குத் தண்ணீர் எடுத்துவைப்பதும் வேலை, பேரேடு எழுதப் பழகுவதும் வேலை. ஐயா அடுத்தாள் வரைக்கும் ஏறிவிட்டு ஊருக்குத் திரும்பிவிட்டார்.

எனக்கு 12 வயதில் வீட்டுச் செலவுக் கணக்கை எழுதச் சொன்னார். ராத்திரி நோட்டைப் பார்ப்பார். கணக்கு தப்பு என்று ஒரு நாளும் சொன்னதில்லை. தப்பிய வரிக்குப் பக்கத்தில் பென்சிலால் சின்னதாக ஒரு புள்ளி வைத்து, நோட்டை என் பக்கம் தள்ளிவிடுவார். நான் கூட்டிப் பார்ப்பேன், கண்டுபிடிப்பேன், திருத்துவேன். திருத்தியதும் அந்தப் புள்ளியை ரப்பரால் அழித்துவிடுவார். அது மட்டும் அவர் கையால்தான் நடக்கும்.

குறை சொல்லும் கலையில் முக்கால்வாசி அந்தப் புள்ளியில் இருக்கிறது என்பேன். "நீ எப்பவுமே லேட்டு" என்றால் அதில் விரல் வைக்க இடமே இல்லை. எப்பவுமே என்றால் எந்த நாள்? அவன் உடனே நேரத்துக்கு வந்த நாட்களை எண்ண ஆரம்பிப்பான், பேச்சு திசை மாறிவிடும். "செவ்வாயும் வியாழனும் 7:30க்கு வைக்க வேண்டிய டிபன் 7:50க்குத்தான் வந்தது. எட்டு மணிக்குக் கிளம்ப வேண்டியவங்க பாதியில எழுந்து போனாங்க." இதில் நாள் இருக்கிறது, நேரம் இருக்கிறது, அதனால் என்ன ஆனது என்பதும் இருக்கிறது. அவன் சோம்பேறி என்ற தீர்ப்பு மட்டும் இல்லை. அந்தத் தீர்ப்பை நீங்கள் மனசுக்குள் வைத்திருந்தாலும் அங்கேயே இருக்கட்டும். வெளியே விட்டால் அவன் அதற்குத்தான் பதில் சொல்வான், டிபனுக்குச் சொல்ல மாட்டான்.

இது என் அனுபவத்தில் மட்டும் கண்டது இல்லை. அவ்ரஹாம் குளூகர், ஏஞ்சலோ டெனிசி என்ற இரண்டு ஆய்வாளர்கள், வேலையைப் பற்றி ஒருவருக்குக் கருத்துச் சொன்னால் என்ன ஆகிறது என்று அதுவரை வந்த ஆய்வுகளிலிருந்து 607 ஒப்பீடுகளைத் திரட்டி 1996இல் வெளியிட்டார்கள். சராசரியாகப் பார்த்தால் வேலை மேம்படத்தான் செய்கிறது. ஆனால் மூன்றில் ஒரு பங்குக்கும் மேலான இடங்களில், சொன்ன பிறகு வேலை முன்பைவிட மோசமாகியிருந்தது. கேட்பவரின் கவனம் கையிலிருக்கும் வேலையை விட்டு, 'அப்போ நான் யாரு, என்னைப் பத்தி என்ன நினைக்கிறாங்க' என்ற பக்கம் திரும்பும்போது பலன் குறைகிறது என்பது அவர்கள் சொன்ன விளக்கம். ஆளைப் பாராட்டினாலும் கவனம் அப்படித் திரும்பக்கூடும் என்பதையும் கவனியுங்கள். "நீ பெரிய கெட்டிக்காரன்டா" என்பதைவிட "அந்தக் கணக்கை அன்னைக்கே முடிச்சது நல்லதாப் போச்சு" என்பது அவனுக்கு உதவும்.

ஒரு தடவைக்கு ஒரு புள்ளிதான். எழுந்ததுதான் எழுந்தோம், எல்லாவற்றையும் கொட்டிவிடுவோம் என்று ஏழு குறைகளை அடுக்கினால் அவன் காதில் ஏழாவது மட்டும்தான் நிற்கும். அதுவும் பெரும்பாலும் ரொம்பச் சில்லறையான ஒன்றாக இருக்கும்.

பந்தியில் சொல்லாதீர்கள்

தலைப்புக்குக் காரணமான கதை இது. எனக்கு அப்போது 23 வயது. ஒரு கல்யாண வீட்டில் பரிமாறும் ஆட்களைப் பார்த்துக்கொள்ளும் பொறுப்பு. இரண்டாம் பந்திக்கு இலை போட்ட பையன் ஒரு வரிசை முழுக்க நுனியை வலப்பக்கமாகப் போட்டுவிட்டான். நம் வழக்கத்தில் நுனி உண்பவருக்கு இடப்பக்கம் வர வேண்டும். ஆட்கள் உட்காரத் தொடங்கிவிட்டார்கள். நான் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்குக் கேட்கும்படி, "இலை போடத் தெரியாதவனையெல்லாம் யாருடா கூட்டிட்டு வந்தது?" என்று கத்தினேன். நாலைந்து பேர் சிரித்தார்கள். அவன் ஒன்றும் பேசவில்லை. குனிந்தபடியே எல்லா இலையையும் திருப்பிப் போட்டான். கொல்லைப்பக்கம் போனான். அப்படியே பஸ் ஏறிப் போய்விட்டான். மூன்றாம் பந்திக்குச் சாம்பார் வாளியைத் தூக்கியது நான்தான்.

அவன் செய்தது தப்புத்தான். ஆனால் கிட்டே போய், தோளைத் தொட்டு, "தம்பி, நுனி இந்தப் பக்கம்" என்று சொல்ல எனக்குப் பத்து விநாடி போதும். மிச்சமெல்லாம் நான் பொறுப்பானவன் என்று பந்திக்குக் காட்டிக்கொள்வதற்காகப் போட்ட சத்தம்.

அப்புறம் நான் வைத்துக்கொண்ட முறை இது. எந்தத் தப்பையும் இரண்டாகப் பிரித்துவிடுவேன். ரசத்தில் உப்பில்லை என்றால், உப்பைப் போடுவது இப்போதைய வேலை. அதை அப்போதே, காதோடு, நாலு சொல்லில் முடிக்க வேண்டும். உப்பு ஏன் விட்டுப்போனது என்பது வேறு பேச்சு. அது பந்தி முடிந்து, பாத்திரம் கழுவி, எல்லோரும் ஒரு வாய் சாப்பிட்ட பிறகு, தனியாக. பசியோடு இருப்பவனிடம் குறை சொல்லவே கூடாது. உங்களுக்குப் பசித்தாலும் சொல்லக் கூடாது. கொதிக்கும் எண்ணெய்ச் சட்டிக்குப் பக்கத்தில் ஈரக் கையோடு நிற்கிறான், கேஸ் வாடை வருகிறது என்றால் மட்டும் இந்த மரியாதையெல்லாம் கிடையாது. கத்துங்கள். பிறகு ஏன் கத்தினேன் என்று சொல்லிக்கொள்ளலாம்.

தனியாகச் சொல்கிறேன் என்று மாதக்கணக்கில் தள்ளிப்போடுவது இதற்கு நேர் எதிரான தப்பு. விடுதியில் சேரும் புதியவர்களை ஒரு தடவை, தரைக்கல் செய்கிற ஆத்தங்குடிக்குக் கூட்டிப்போவேன். நாங்கள் தினமும் துடைக்கிற தரை எப்படி வந்தது என்று பார்க்கட்டும் என்பதற்காக. கண்ணாடித் தகட்டின் மேல் அச்சை வைத்து, ஒவ்வொரு கட்டத்திலும் வண்ணக் கரைசலை ஊற்றி, அச்சை அலுங்காமல் தூக்குவார்கள். அதன் மேல் சிமென்டும் மணலும். பிறகு காயவைத்து, தண்ணீர்த் தொட்டியில் சில நாள் போட்டு எடுத்து, கடைசியில்தான் கண்ணாடி கல்லை விட்டுப் பிரியும். கல்லின் முகம் அப்போதுதான் தெரியும். ஊற்றிய வண்ணம் ஓரத்தில் கலங்கியிருந்தால் ஈரமாக இருக்கும்போதே வழித்துவிட்டு மறுபடி ஊற்றலாம். மேலே சிமென்ட் விழுந்த பிறகு சொல்லி என்ன பிரயோஜனம்?

அதனால் அன்றே சொல்லுங்கள், முடியாவிட்டால் மறுநாள். இதற்கு முன் சென்னையில் நான் இருந்த ஒரு அலுவலகத்தில் ஏப்ரலில் நான் செய்த தப்பை அடுத்த மார்ச்சில், வருட மதிப்பீட்டுக் கூட்டத்தில் சொன்னார்கள். பதினோரு மாதமாக அதே தப்பைச் செய்துகொண்டிருந்தேன் என்பதில் அவர்களுக்கும் ஒரு பங்கு உண்டு இல்லையா?

எப்படி ஆரம்பிப்பது

பலர் மாட்டிக்கொள்வது இந்த இடத்தில்தான். பயிற்சி வகுப்புகளில் ஒரு வழி சொல்லித்தருவார்கள்: முதலில் ஒரு பாராட்டு, நடுவில் குறை, கடைசியில் இன்னொரு பாராட்டு. மாவில் முக்கிப் பொரித்த பஜ்ஜி மிளகாய் மாதிரி. எனக்கு இதில் நம்பிக்கை இல்லை. மூன்று தடவை செய்தால் எதிரில் இருப்பவருக்குப் பழகிவிடும். அதற்கப்புறம் நீங்கள் உண்மையாகவே "இன்னைக்குக் குழம்பு பிரமாதம்" என்றாலும் அவர் அடுத்து என்ன வரப்போகிறதோ என்று நெளிவார். பாராட்டைப் பாராட்ட வேண்டிய அன்றைக்குத் தனியாகச் சொல்லிவிடுங்கள்.

என் அப்பத்தாவின் வழி எனக்குப் பிடிக்கும். வெள்ளைப் பணியாரம் சரியாக வரவில்லை என்றால், "என்ன இப்படிப் பண்ணியிருக்க" என்று கேட்க மாட்டார். "உளுந்து எம்புட்டு வச்ச?" என்பார். அந்தப் பணியாரத்துக்கு அளவு ஒரு கணக்கு: டம்ளரில் பச்சரிசியைத் தலைதட்டி எடுத்து, அதன் மேலேயே உளுந்தைக் கோபுரமாகக் குவிக்க வேண்டும், நிற்கிற மட்டும். உளுந்து எவ்வளவு என்று கேட்டால், செய்தவர் தன் கையை நினைத்துப் பார்ப்பார். அடுத்து, "எம்புட்டு நேரம் ஊற வச்ச?" மூன்றாவது கேள்விக்குள் எங்கே தவறியது என்று செய்தவர் வாயிலிருந்தே வந்துவிடும். செய்த ஆளை விட்டுவிட்டுச் செய்த முறையை மட்டும் கேட்கிற கேள்வி. "ஏன் இப்படி?" என்று தொடங்கினால் சாக்குத்தான் வரும். "எப்படிச் செஞ்சீங்க, சொல்லுங்க" என்றால் விவரம் வரும்.

ஒரு எச்சரிக்கை: பதில் உங்களுக்குத் தெரிந்திருந்தால் தெரியாததுபோல் கேட்காதீர்கள். அது வக்கீல் குறுக்கு விசாரணை. "நான் பார்த்தது இது, நடந்தது என்னன்னு நீங்க சொல்லுங்க" என்று நேராகவே சொல்லலாம்.

அப்புறம், யாரிடம் சொல்கிறோம் என்பது. வயதில் மூத்தவர் உங்களுக்குக் கீழே வேலை பார்த்தால் ரொம்பப் பேருக்கு நாக்கு எழாது. எங்கள் சமையல் மாஸ்டருக்கு 58 வயது. நான் பள்ளிக்கூடம் போகும்போதே அடுப்படியில் நின்றவர். அவரிடம் நான் போய் நிற்பேன், உட்கார வைத்துப் பேச மாட்டேன். "அண்ணே, ஒரு விஷயம். நேத்து ராத்திரி கோழி ரெண்டு தட்டு அப்படியே திரும்பி வந்துச்சு, ரெண்டுமே காரம்னு. வெளியூர்க்காரங்க மேசைக்குத் தனியா ஒரு சட்டி வச்சுக்கலாமா?" கூப்பிடுவதில் அண்ணே இருக்கிறது, சொல்லும் விஷயத்தில் குழைவு இல்லை. சிலர் இரண்டையும் குழப்பிக்கொள்வார்கள். மரியாதை என்ற பெயரில் "அதெல்லாம் ஒண்ணுமில்லண்ணே, சும்மா ஒரு சின்ன இது" என்று இழுத்து, கடைசியில் எதையும் சொல்லாமல் திரும்பி வந்துவிடுவார்கள்.

வயதில் சின்னவர் என்றால் 'நீ' போடலாமா? வேலை இடத்தில் நான் தம்பி என்று கூப்பிட்டு 'வாங்க, போங்க' என்றே பேசுகிறேன். சாதாரண நாளில் 'நீ' என்று பேசிவிட்டுக் குறை சொல்லும்போது மட்டும் திடீரென்று 'நீங்க' என்று மாறினால் அதைவிடக் குத்தல் வேறில்லை, பார்த்துக்கொள்ளுங்கள்.

முதலாளியிடம் சொல்வது எப்படி என்று கேட்பார்கள். எங்கள் முதலாளியை எல்லோரும் ஆச்சி என்றுதான் கூப்பிடுவோம். அவரிடம் நான் கற்றது: குறையை மட்டும் தூக்கிக்கொண்டு போகாதே, ஒரு வாரத்துக்குச் செய்து பார்க்கக்கூடிய மாற்றத்தையும் கொண்டு போ. "ஆச்சி, இந்த மாசம் ரெண்டு தடவை ஒரே ரூமை ரெண்டு பேருக்குக் கொடுத்துட்டோம். நோட்டுலயும் எழுதுறோம், கம்ப்யூட்டர்லயும் போடுறோம், ஒண்ணு விட்டுப்போகுது. ஒரு வாரம் கம்ப்யூட்டர்ல மட்டும் போட்டுப் பார்க்கலாமா?" ஒரு வாரம் என்றதும் யாருக்கும் பெரிய பயம் வராது. நோட்டை ஆரம்பித்ததே ஆச்சிதான் என்பதைப் பற்றி நான் வாயே திறக்கவில்லை.

வாட்ஸப்பில் குறை எழுதாதீர்கள். குழுவில் எழுதவே எழுதாதீர்கள், அதுவும் பந்திதான். எழுத்தில் குரல் போகாது. நீங்கள் சாதாரணமாகப் போட்ட "சரி" கூட அங்கே முறைப்பாகத் தெரியும். நேரில் முடியாவிட்டால் போன் செய்யுங்கள்.

இப்போது நீங்கள் கேட்கிற பக்கம்

குறை சொல்லப்படும்போது முதலில் கேட்பது உடம்புதான். காது சூடாகும், நெஞ்சு படபடக்கும், வாய் தன்பாட்டில் பதில் சொல்லத் தயாராகிவிடும். அந்த முதல் பதில் எவ்வளவு கெட்டிக்காரத்தனமாக இருந்தாலும் அதை விழுங்கிவிடுங்கள். ஒரு மூச்சு இழுத்து விடுங்கள், பக்கத்தில் தண்ணீர் இருந்தால் குடியுங்கள். நாலைந்து விநாடி பேசாமல் இருந்தால் யாரும் உங்களை மக்கு என்று நினைக்க மாட்டார்கள்.

நமக்கு இதில் ஒரு கூடுதல் கஷ்டம் உண்டு. 1939இல் சா. கணேசன் காரைக்குடியில் கம்பன் கழகத்தைத் தொடங்கினார். அந்தக் கழகத்தின் கம்பன் விழா மேடைகள் வளர்த்த பட்டிமண்டபம் எங்கள் ஊரில் ரத்தத்தில் ஊறிவிட்டது. எதைச் சொன்னாலும் எதிரணிப் பேச்சாளராக எழுந்து நிற்போம். மேடையில் அது அழகு. அங்கே நடுவர் இருக்கிறார், நேரம் முடிந்தால் மணி அடிப்பார், முடிந்ததும் இரு அணியும் சேர்ந்து சாப்பிடப் போவார்கள். வேலை இடத்தில் நடுவரும் இல்லை, மணியும் இல்லை. நீங்கள் வாதத்தில் ஜெயித்துவிட்டால் அடுத்த முறை அவர் உங்களிடம் எதையும் சொல்ல மாட்டார். அது ஜெயிப்பு இல்லை.

பதிலுக்குப் பதிலாக ஒரு கேள்வி கேளுங்கள்: "எந்த இடம்னு காட்டுங்க." நல்ல எண்ணத்தோடு சொன்னவர் இடத்தைக் காட்டுவார், உங்களுக்கு ஒரு புள்ளி கிடைத்துவிடும். நொட்டை சொன்னவர் திணறுவார், "எல்லாமேதான்" என்பார். எது என்று இரண்டு நிமிடத்தில் தெரிந்துவிடும். ஆனால் அந்தக் கேள்வியைத் தெரிந்துகொள்ளத்தான் கேட்க வேண்டும். மடக்குவதற்குக் கேட்டால் குரலே காட்டிக்கொடுத்துவிடும்.

பிறகு எழுதிக்கொள்ளுங்கள். என் சட்டைப் பையில் எப்போதும் ஒரு சின்ன நோட்டு இருக்கும். தேதி, என்ன சொன்னார்கள், எந்த இடம். அன்றைக்கு ராத்திரி அதைப் படிக்க மாட்டேன். இரண்டு நாள் கழித்துப் படித்தால் பாதி விஷயம் அப்படி ஒன்றும் பெரிதில்லை என்று தெரியும். மீதிப் பாதி சரிதான் என்று ஒப்புக்கொள்ளவும் வரும். ஒருத்தர் சொன்னதை இன்னொருத்தரும், அவரைக் கேட்காமலே, சொன்னதாக நோட்டில் இருந்தால் அதற்கு மேல் யோசிக்க வேண்டாம், திருத்திக்கொள்ள வேண்டியதுதான்.

சொன்ன விதம் மோசமாக இருக்கலாம். எனக்கு இந்த வேலையில் உருப்படியாக அமைந்த ஒரு பாடம், மகா கோபக்காரர் ஒருவர் சாவிக்கொத்தைத் தூக்கிப் போட்டுவிட்டுச் சொன்னது: "ரூம்ல ராத்திரி விளக்கு சுவிட்சைத் தேடி நான் சுவரையெல்லாம் தடவணுமா?" அன்றைக்கே எல்லா அறையிலும் கட்டில் பக்கத்தில் ஒரு விளக்கு வைத்தோம். அவர் கத்தியது தப்பு. விளக்கு இல்லாததும் தப்பு. இரண்டும் இரண்டு சீட்டில் எழுதப்பட வேண்டியவை. கத்தலுக்கு, அவர் ஆறிய பிறகு, "சார், சொல்லுங்க, செய்றோம், பசங்க முன்னாடி சாவியைத் தூக்கிப் போட வேண்டாம்" என்று நான் தனியாகச் சொன்னேன். கொஞ்சம் வெட்கப்பட்டார் என்று நினைக்கிறேன்.

ஆனால் எல்லாவற்றையும் இப்படிப் பொறுக்கி எடுத்துக்கொள்ள வேண்டும் என்று நான் சொல்லவில்லை. உங்கள் சாதியை இழுப்பது, உடம்பை, நிறத்தை, வீட்டு ஏழ்மையைப் பேசுவது, இதெல்லாம் விமர்சனக் கணக்கிலேயே வராது. அதில் தேடி எடுக்க நல்லது எதுவும் இல்லை. பெண்களுக்கு வேலை இடத்தில் பாலியல் தொல்லை என்றால் 2013ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. பத்துப் பேர் அல்லது அதற்கு மேல் வேலை செய்யும் இடத்தில் புகாரை விசாரிக்க உள்ளகக் குழு இருந்தே ஆக வேண்டும். புதிதாகச் சேரும் பெண்களிடம் முதல் நாளே இதைச் சொல்லிவிடுகிறேன். "கத்துக்கணும்னா பொறுத்துத்தான் போகணும்" என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

கடைசியாக ஒன்று, குறையை நீங்களே போய்க் கேட்டு வாங்கலாம். "என் வேலை எப்படி இருக்கு?" என்று கேட்டால் "நல்லாத்தான் இருக்கு" என்றுதான் வரும். சாப்பாட்டுக்கு அப்புறம் விருந்தாளியிடம் "எல்லாம் ஓகேவா?" என்று கேட்பது மாதிரி அது; நானும் வருடக்கணக்கில் கேட்டு ஒன்றும் தெரிந்துகொள்ளவில்லை. இப்போது, "ஒண்ணே ஒண்ணு மாத்தணும்னா எதை மாத்தலாம்?" என்று கேட்கிறேன். ஜனங்கள் உடனே சொல்லிவிடுகிறார்கள். காபியில் சர்க்கரை கூட என்று நாங்கள் அறிந்தது இப்படித்தான்.

வீட்டில்

வீட்டில் இந்த முறை எதுவும் முழுசாக வேலை செய்யாது. அங்கே ஒவ்வொரு சொல்லுக்குப் பின்னாலும் இருபது வருடம் நிற்கிறது. மனைவியிடம் "எந்த இடம்னு காட்டு" என்று கேட்டுப் பார்த்தேன். ராத்திரி பதினொரு மணி வரைக்கும் காட்டினாள்.

இரண்டை மட்டும் காப்பாற்ற முயற்சி செய்கிறேன். பழைய கணக்கை எடுப்பதில்லை. அன்றைக்கு நடந்ததை மட்டும் பேசுவது. அப்புறம், சொந்தக்காரர்கள் முன்னால் பிள்ளைகளின் மார்க்கைப் பற்றியோ, மாமியார் முன்னால் மருமகளின் சமையலைப் பற்றியோ பேசுவதில்லை. விசேஷ வீடுகளில் நம் ஆட்களுக்கு இதுதான் முக்கியமான பொழுதுபோக்கு என்பதால் எழுந்து போய்விடுவதுண்டு. பெரியவர்களைத் திருத்தப் போகவே வேண்டாம் என்று ஒரு கட்சி இருக்கிறது. எனக்கு அதில் உடன்பாடில்லை. அப்பா மாத்திரையை மாற்றிப் போடுகிறார் என்றால் சொல்லித்தான் ஆக வேண்டும். "அப்பா, உங்களுக்கு மறந்துடுது" என்பதைவிட, காலை, இரவு என்று எழுதிய இரண்டு டப்பாவை வாங்கி அவர் பக்கத்தில் வைத்தால் வார்த்தையே தேவைப்படாமல் போகலாம். எங்கள் வீட்டில் போனது.

சொன்ன பிறகு

பெரும்பாலானோர் விட்டுவிடுகிற படி இது. குறை சொன்ன விஷயத்தை இரண்டு வாரத்தில் திரும்பப் போய்ப் பார்க்க வேண்டும். மாறியிருந்தால், மாறியதைப் பார்த்தேன் என்று சொல்ல வேண்டும், சொன்ன அதே நேர்த்தியோடு: "இந்த ரெண்டு வாரமும் டிபன் 7:30க்கு வந்திடுச்சு." அவ்வளவு போதும். ஐயா கையில் ரப்பர் எடுத்தது அதற்குத்தான். மாறவில்லையென்றால் இன்னொரு தடவை அதே இடத்தைக் காட்டலாம். மூன்றாம் தடவையும் அப்படியே என்றால் அவனுக்குச் சொல்லித்தந்தது போதவில்லையா, நேரம் போதவில்லையா, அந்த வேலையே அவனுக்குரியது இல்லையா என்று நீங்கள் யோசிக்க வேண்டும். குரலை உயர்த்துவது அந்தப் பட்டியலில் இல்லை.

போன வாரம் மாஸ்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். கை துடைத்துக்கொண்டே, "தம்பி, நீங்க மார்க்கெட் சீட்டை ராத்திரி பத்து மணிக்குக் கொடுக்கிறீங்க. மீனை மாத்தணும்னா எனக்கு வழி இல்லாமப் போகுது. ஆறு மணிக்குள்ள கொடுத்துருங்க" என்றார். என் வாயில் மூன்று காரணங்கள் வந்து நின்றன. மூன்றுமே நல்ல காரணங்கள். சரிண்ணே என்றேன். இந்த வாரம் நாலு நாள் ஆறுக்கு முன்னால் கொடுத்துவிட்டேன், இரண்டு நாள் தவறிவிட்டது. அந்த இரண்டைப் பற்றி அவர் கேட்பதற்கு முன்னால் நானே சொல்லிவிட வேண்டும். காலை ஐந்தரைக்கு மார்க்கெட்டுக்குக் கிளம்பிவிடுவார். அதற்குள் போய்ப் பிடிக்க வேண்டும்.